மைக் சத்தம் ஏன் குறைந்தது என்று சொல்லித்தந்த புத்தகம்

திருகோணமலையில் கோயில் திருவிழாக்களுக்கு ஒலிபெருக்கி கட்டும் அண்ணா ஒருவரிடம் ஏழு வருடமாக வேலை செய்கிறேன். கழற்றிப் பூட்டத் தெரியும். ஆனால் ட்ரான்சிஸ்டர் சத்தத்தை எப்படிப் பெருக்குகிறது என்று கேட்டால் பதில் வராது. அதற்காகத்தான் பாயில்ஸ்டாட், நாஷெல்ஸ்கி இருவரும் எழுதிய ‘எலக்ட்ரானிக் டிவைசஸ் அண்ட் சர்க்யூட் தியரி’ புத்தகத்தின் பழைய பிரதி ஒன்றை வாங்கினேன்.

முதலில் டிசி (ட்ரான்சிஸ்டருக்குக் கொடுக்கும் நிலையான மின்சாரம்), பிறகுதான் ஏசி (அதன்மேல் ஏறி வரும் சத்தத்தின் அலை). இந்த வரிசையை விட்டுப் புத்தகம் விலகுவதே இல்லை. டிசி கணக்கில் கெப்பாசிட்டர்களை இல்லாதவையாக நினைக்க வேண்டும். ஏசிக்கு வந்ததும் அவையே நேர் கம்பியாகிவிடும். இது மனதில் பதிய எனக்கு மூன்று வாரம் பிடித்தது.

அப்புறம் பிசி 547 என்ற ட்ரான்சிஸ்டர் ஒன்றைப் போட்டுச் செய்து பார்த்தேன். அதன் மூன்று கால்கள்தான் பேஸ், கலெக்டர், எமிட்டர். 12 வோல்ட், ரெசிஸ்டர்கள் பேஸுக்கு 47 கே (கிலோஓம்), 10 கே, கலெக்டரில் 3.3 கே, எமிட்டரில் 1 கே, அந்த 1 கே-க்குக் குறுக்கே ஒரு கெப்பாசிட்டர். கணக்குப்படி பேஸில் 2.1 வோல்ட் வரவேண்டும், மீட்டர் 2.05 காட்டியது. எமிட்டரில் 1.4, அதாவது 1.4 மில்லிஅம்பியர். புத்தகம் சொல்லும் 26 மில்லிவோல்ட்டை அதால் வகுத்தால் 18.6 ஓம், அதுதான் ஆர்இ, ட்ரான்சிஸ்டருக்குள்ளேயே எமிட்டர் பக்கம் இருக்கும் தடை. 3300ஐ 18.6ஆல் வகுத்தால் பெருக்கம் கிட்டத்தட்ட 177. எமிட்டர் கெப்பாசிட்டரைக் கழற்றினால் அதே சுற்றில் வெறும் 3 சொச்சம்தான்!

போன மாதம் ஒரு மைக் செட் வந்தது, சத்தம் மெலிந்து. முன்பென்றால் ட்ரான்சிஸ்டரைத்தான் முதலில் மாற்றியிருப்பேன். இந்த முறை வோல்ட்டுகளை அளந்தேன், எல்லாம் சரி. டிசி சரி, பெருக்கம் மட்டும் இல்லை என்றால் எமிட்டர் கெப்பாசிட்டர்தானே? அது காய்ந்து போயிருந்தது. புதிது போட்டதும் மைக் பழையபடி கணீரென்றது. அன்று எனக்கு வந்த சந்தோஷத்தைச் சொல்லி முடியாது.

குறையும் உண்டு. ட்ரான்சிஸ்டரை வேறு விதமாகக் கணக்கிடும் ஹைப்ரிட் மாடல் பக்கங்கள் பழுது பார்ப்பவருக்குப் பாரம், நான் தாண்டிவிட்டேன். பயிற்சிக் கணக்குகள் எல்லாவற்றுக்கும் பின்னால் விடை இல்லை. ஆங்கிலம் எளிதுதான், ஆனாலும் தமிழில் இப்படி ஒன்று இருந்திருந்தால் எங்கள் கடைப் பொடியன்களுக்கும் கொடுத்திருப்பேன்.

ஓமின் விதி தெரிந்தவர்கள் தாராளமாக வாங்கலாம். புதிய பதிப்புக்குக் காசு செலவழிக்கத் தேவையில்லை, இந்த வேலைக்குப் பழையதே போதும். பக்கத்தில் ஒரு மல்டிமீட்டரும் நாலு ரெசிஸ்டரும் வைத்துக்கொண்டு வாசியுங்கள்.