மூன்று கட்டைக் குழலும் மூன்று மாதக் காத்திருப்பும்: மயிலாப்பூரில் ஒரு குழல் பட்டறை

மயிலாப்பூர் மாட வீதிகளை ஒட்டிய ஒரு சந்தில், பெயர்ப்பலகையே இல்லாமல் நடக்கும் பட்டறை ஒன்றில் என் மகளுக்காக இருமுறை புல்லாங்குழல் வாங்கியிருக்கிறேன். முதல் குழலைச் செய்து தந்தவர் பெரியவர். இரண்டாவதை, அவர் காலமான பிறகு அவருடைய மகன் செய்தார். இரண்டையும் அடுத்தடுத்து ஊதச் சொல்லிக் கேட்ட பிறகே இதை எழுத உட்கார்ந்தேன். பெரியவர் தம் பெயரைக் குழலில் ஒருநாளும் பொறித்ததில்லை. மகனும் அப்படியே இருக்க விரும்புவதால் பெயர்களை நானும் தவிர்க்கிறேன்.

முதன்முறை போனபோது, வரிசையாக அடுக்கியிருக்கும் குழல்களில் ஒன்றை எடுத்துக்கொண்டு திரும்பிவிடலாம் என்றுதான் நினைத்திருந்தேன். பெரியவரோ குழல் எதையும் எடுக்கவில்லை. "கையைக் காட்டும்மா" என்று மகளின் வலக்கையை வாங்கி, துளையிடாத மூங்கில் ஒன்றின் மேல் விரல்களைப் பரப்பி வைக்கச் சொல்லி, சுண்டுவிரல் தானாக எங்கே விழுகிறது என்று பென்சிலால் ஒரு புள்ளி வைத்தார். ஒன்பது வயதுப் பிள்ளைக்கு ஐந்து கட்டைதான் எட்டும், நான்கு கட்டை ஆசையெல்லாம் பிறகு பார்க்கலாம் என்று அங்கேயே தீர்ப்பும் ஆகிவிட்டது. கட்டை என்பது சுருதியின் அளவு; எண் குறையக் குறையக் குழல் நீளமாகும்.

அந்தப் புள்ளியின் அருமை எனக்குப் பின்னால்தான் புரிந்தது. ஜெர்மனியின் முனிச் நகரில் வாழ்ந்த தியோபால்ட் போம் (1794–1881) பொற்கொல்லர் வேலை கற்று, குழல் வாசித்து, குழலும் செய்தவர். துளை எங்கே இருக்க வேண்டும் என்பதை ஒலியின் கணக்குப்படியே முடிவு செய்துவிட்டு, விரலுக்கு எட்டாத துளைகளை, விரலால் அழுத்தும் சாவி மூடிகளால் அடைக்கும் ஏற்பாட்டை அவர் உருவாக்கினார். 1847-இல் அவர் செய்த உருளைவடிவ உலோகக் குழலின் வழிவந்ததே இன்றைய மேற்கத்திய புளூட். நம் கர்நாடகக் குழலில் சாவி கிடையாது. இருந்தால், துளையை அரைகுறையாக மூடிச் விரல் சதையால் தேய்த்துக் கமகம், அதாவது சுரத்தை அசைத்து இழைக்கும் நயம், பிடிப்பது எப்படி? ஆகவே சுருதி கேட்கும் இடத்துக்கும் விரல் எட்டும் இடத்துக்கும் இடையிலான வழக்கைத் தீர்த்துவைக்கும் பொறுப்பு செய்பவரின் தலையில் விழுகிறது. துளையைச் சற்றுத் தள்ளிப் போட்டால் அதன் அளவை மாற்றி ஈடுகட்ட வேண்டும். வாய் வைத்து ஊதும் முத்திரைத் துளைக்கு அருகே நகர்ந்தால் சுரம் ஏறும். துளை பெரிதானாலும் ஏறும். ஏறியதை இறக்குவதற்கு மட்டும் நேரான வழி இல்லை.

அதனால்தான் அங்கே எல்லாத் துளைகளையும் சிறியதாகவே தொடங்குகிறார்கள். கணுவுக்குக் கணு நீளமாகவும் சுவர் மெல்லியதாகவும் உள்ள மூங்கிலை நிழலில் உலர்த்தி வைத்திருந்து, பழுக்கக் காய்ச்சிய கம்பியால் துளையிட்டு, தம்புராவை ஒலிக்கவிட்டு, ஊதுவதும் உப்புத்தாளால் ஒரு சுற்றுத் தேய்ப்பதுமாக வேலை நகர்கிறது. முதல் இரு துளைகளை மூடி ஊதும் ஷட்ஜம் என்னும் அடிப்படைச் சுரம் ('ஸ') தம்புராவோடு ஒட்டிய பிறகே மற்ற சுரங்களுக்குப் போகிறார்கள். சிலப்பதிகார உரையில் அடியார்க்கு நல்லார் குழலுக்கு மூங்கிலோடு சந்தனம், வெண்கலம், செங்காலி, கருங்காலி ஆகியவற்றையும் சொல்கிறார். இந்தப் பட்டறையில் மூங்கிலைத் தவிர எதையும் தொடுவதில்லை. பிவிசி குழாயில் செய்து தருவீர்களா என்று கேட்டவருக்குப் பெரியவர் பதிலே சொல்லாமல் தேநீர் வாங்கிக் கொடுத்து அனுப்பியதை நான் பார்த்தேன்.

குழல் கலைஞர் மாலி என்கிற டி.ஆர். மகாலிங்கத்தின் (1926–1986) கச்சேரிகளைக் கேட்டே தமக்குக் காது திறந்ததாகப் பெரியவர் சொல்வார். திருவாரூரில் பிறந்த குழல் கலைஞர் என். ரமணி (1934–2015) நீண்ட குழல்களைக் கர்நாடக மேடைக்குக் கொண்டுவந்தபோது, அதுவரை கற்ற அளவுகளை ஒதுக்கிவைத்துத் தாம் மறுபடி மாணவனானதையும் சொல்லியிருக்கிறார். அப்படிக் கண்டெடுத்த அளவுகள் எதையும் அவர் நோட்டில் எழுதவில்லை. கட்டைக்கு ஒன்றாக, கத்தியால் வெட்டுக்குறி போட்ட மூங்கில் குச்சிகளாகச் சுவரில் தொங்கவிட்டிருந்தார். மகனுக்கு வந்த சொத்து அவைதாம்.

இனி மகனின் வேலை. மகளுக்குப் பதினான்கு வயதானதும் மூன்று கட்டைக் குழலுக்குச் சொல்லிவைத்தோம். ஒரு மாதம் என்றார்; மூன்று மாதம் ஆயிற்று. தொலைபேசியை எடுப்பதில்லை, எடுத்தாலும் "மூங்கில் இன்னும் ஆறணும் சார்" என்பதுதான் பதில். கடைசியில் கைக்கு வந்த குழலில் தைவதம் ('த') ஒரு மயிரிழை தூக்கலாக இருந்தது. துளையின் ஓரத்தில் கொஞ்சம் மெழுகு வைத்தால் சரியாகிவிடும் என்று எங்கள் பாட்டு வாத்தியாரே சொன்னார். ஆனால் மகன் அதை வாங்கி இரண்டு முறை ஊதிவிட்டு, ஓரமாகச் சாய்த்து வைத்து, வேறொரு மூங்கிலை எடுத்தார். கூடுதலாக ஒரு காசும் கேட்கவில்லை. மேலும் மூன்று வாரம் போனது.

புதிய குழலில் சுருதி சுத்தம். மேல் ஸ்தாயி சிரமமில்லாமல் பேசுகிறது, துளை விளிம்புகள் விரலை உறுத்துவதில்லை. ஆயினும் பெரியவரின் குழலில் மெதுவாக ஊதினாலும் கீழ்ப் பஞ்சமம் ('ப') நிறைந்து வரும். இதில் அதற்குச் சற்று அதிகக் காற்று கேட்கிறது. நீளமான குழலுக்கு மூச்சு கூடுதலாகத்தான் வேண்டும் என்றாலும், முத்திரைத் துளையின் உள்விளிம்பைச் செதுக்குவதில் தந்தையின் கை இன்னும் மகனுக்கு முழுதாக வரவில்லை என்பதே என் எண்ணம். 2,800 ரூபாய்க்கு இது குறையா என்றால், இல்லை. அங்காடியில் தயாராகத் தொங்கும் குழல்களில் பத்தை ஊதினாலும் இந்தச் சுருதி கிடைப்பது அரிது.

வாங்கப் போகிறவர்களுக்குச் சில விவரங்கள். மார்கழிக்குக் குழல் வேண்டுமென்றால் ஆடியிலேயே சொல்லிவிடுங்கள். வாசிக்கப் போகிறவரை நேரில் அழைத்துச் செல்லுங்கள். கையைப் பார்க்காமல் அவர் செய்து தருவதில்லை. குளிரூட்டிய அரங்கில் வாசிப்பவரென்றால் அதையும் முன்னதாகச் சொல்வது நல்லது. குழலுக்குள் இருக்கும் காற்று 10 டிகிரி குளிர்ந்தால் சுருதி அரைச்சுரத்தில் கால் பங்குக்கும் மேல் இறங்கும். அதைக் கருதி அவர் ஒரு நூலளவு தூக்கலாகவே சேர்த்துத் தருகிறார்.

குழலை வாங்க நாங்கள் போயிருந்த அன்று மூன்று கட்டைக் குச்சி மேசை மேல் கிடந்தது. பெரியவரின் வெட்டுக்குறிகளுக்குப் பக்கத்தில், சுண்டுவிரல் துளை வரும் இடத்தில் மட்டும், மகன் பென்சிலால் ஒரு புதுக்கோடு போட்டிருந்தார். கத்தியால் வெட்டவில்லையா என்று கேட்டேன். இன்னும் நாலைந்து குழல் செய்து பார்க்கிறேன் சார் என்றார்.