‘அவங்க அம்மா தேடலையாக்கா?’

அம்பாசமுத்திரம் பக்கம் ஒரு கிளை நூலகத்தில் சனிக்கிழமை மத்தியானங்களில் பிள்ளைகளுக்குக் கதை சொல்கிறேன். எட்டு வயதிலிருந்து பதினைந்து வரை வருவார்கள். போன வருஷம் பெரிய பிள்ளைகளை மட்டும் உட்காரவைத்து சு. சமுத்திரத்தின் ‘வாடாமல்லி’யைச் சுருக்கிச் சொன்னேன். திப்பணம்பட்டிக்காரர், நம்ம சீமை எழுத்தாளர், மற்றவர்கள் ஒதுங்கி நின்ற காலத்தில் திருநங்கை ஒருவரை நடுவில் நிறுத்தி முழு நாவல் எழுதியவர் என்ற பெருமையில்தான் எடுத்தேன். சுயம்பு என்ற கிராமத்துப் பிள்ளை அடிபட்டு, அவமானப்பட்டு, ஊரைவிட்டுப் போய் மேகலை ஆகிற இடத்தில் நிறுத்தினேன். எட்டாம் வகுப்புப் பிள்ளை ஒருத்தி கேட்டாள்: “அவங்க அம்மா தேடலையாக்கா?”

சட்டென்று பதில் வரவில்லை. நாவலில் குடும்பம் உண்டு. சுருக்கும்போது அதை விட்டவள் நான்தான். ஏன் விட்டேன் என்று ராத்திரி யோசித்துப் பார்த்தேன். திருநங்கை கதை என்றாலே பிள்ளை வீட்டைவிட்டுக் கிளம்புகிற இடத்தில்தான் தொடங்கும் என்று என் மனசும் பழகிப்போயிருக்கிறது. அதற்குப் பிறகு கையில் கிடைத்த நான்கு புத்தகங்களை அந்தப் பிள்ளையின் கேள்வியோடு மறுபடி படித்தேன். பிள்ளைகளிடம் எதைக் கொடுக்கலாம், எதைச் சொல்லலாம், எதற்கு இன்னும் கொஞ்ச நாள் போகட்டும் என்று பார்க்கத்தான் இந்த ஒப்பீடு.

புத்தகங்களுக்குப் போகுமுன் எங்கள் பிள்ளைகளைப் பற்றி ஒரு விஷயம். ஆண் சேலை கட்டுவது இவர்களுக்குப் புதிதில்லை. சுடலைமாடன் கோயில் கொடையில் கணியான் கூத்து பார்த்து வளர்கிறவர்கள். அண்ணாவி பாட, மகுடம் என்ற மேளம் அதிர, பெண் வேடமிட்ட இரண்டு ஆண்கள் ஆடுவார்கள். குலசை என்கிற குலசேகரன்பட்டினத்துத் தசராவுக்கு மாலை போட்டுக் காளி வேஷம் கட்டுகிற அப்பாக்களும் சித்தப்பாக்களும் பல வீடுகளில் இருக்கிறார்கள். வேஷம் கட்டியவரை ஊரே ‘அம்மா’ என்று கும்பிடும். அதே பிள்ளைகள் ஜங்ஷனில் ஒரு திருநங்கையைப் பார்த்தால் ஒருவரை ஒருவர் இடித்துக்கொண்டு சிரிக்கிறார்கள். சூரசம்ஹாரம் முடிந்து காப்பை அவிழ்த்ததும் காளி வேஷம் கலைந்துவிடும். கலைகிற வேஷத்துக்குக் கும்பிடு கிடைக்கிறது, கலையாத நிஜத்துக்குக் கேலி கிடைக்கிறது. இந்த வித்தியாசத்தை ஒரு பிள்ளைக்குப் புரியவைக்கிற கதைதான் எனக்கு வேண்டும்.

அந்த வகையில் என் மனசில் முதலில் நிற்பது அலெக்ஸ் ஜீனோ எழுதிய ‘மெலிசா’. அமெரிக்கக் கதை. பத்து வயதுக் குழந்தை. பிறர் கண்ணுக்குப் பையன், தனக்குத் தான் பெண். பள்ளிக்கூடத்தில் நாடகம் போடுகிறார்கள். அதில் சார்லட் என்ற சிலந்தியாக நடிக்க வேண்டும், அவ்வளவுதான் ஆசை. பையனுக்கு அந்த வேஷம் கிடையாது என்று ஆசிரியை சொல்லிவிடுகிறார். வேஷம் கிடைத்த தோழி கெல்லி ஒரு தடவை அந்த வேஷத்தை இவளுக்கு விட்டுக்கொடுக்கிறாள். குலசையில் வேஷம் கட்ட மேடை ஏறுகிறவர்களைப் பார்த்திருக்கிறோம். மெலிசா தினமும் போட்டிருக்கிற வேஷத்தைக் கழற்றத்தான் மேடை ஏறுகிறாள். இதைச் சொன்ன அன்று, தசராவுக்கு அப்பாவோடு வீடு வீடாகக் காணிக்கை வாங்கப் போகிற பையன் ஒருவன் ரொம்ப நேரம் பேசாமல் இருந்தான்.

‘சின்னப் பிள்ளைகளுக்கு இதெல்லாம் எதுக்கு?’ என்று ஒரு தகப்பனார் என்னிடம் கேட்டார். அமெரிக்காவிலும் இதையேதான் கேட்டிருக்கிறார்கள். நூலகங்களிலிருந்து எடுக்கச் சொல்லி அதிக எதிர்ப்பு வந்த புத்தகங்களை அங்குள்ள நூலகச் சங்கம் ஆண்டுதோறும் பட்டியலிடும். 2018, 2019, 2020 என்று மூன்று வருஷம் தொடர்ந்து அதில் முதலிடம் இந்தப் புத்தகத்துக்குத்தான். கதைக்குள் இருப்பதோ ஒரு நாடகம், அலமாரியில் ஒளித்துவைத்த பெண்கள் பத்திரிகைகள், ஒரு நல்ல தோழி. அந்தத் தகப்பனாரிடம் கதையை முழுக்கச் சொன்னேன். மகனைத் தொடர்ந்து அனுப்புகிறார்.

அம்மா கேள்விக்கு இதில் நேர்மையான பதில் இருக்கிறது. மெலிசாவின் அம்மாவுக்கு முதலில் கோபம் வருகிறது, பத்திரிகைகளைப் பிடுங்கிக்கொள்கிறாள். நாடகத்துக்குப் பிறகும் ஒரே ராத்திரியில் மாறிவிடுவதில்லை. பயம் பயமாகவே இருக்க, ஒரு அடி நகர்கிறாள். முரட்டு அண்ணன் என்று நாம் நினைக்கிற ஸ்காட் அவளுக்கு முந்திக்கொள்கிறான். பிள்ளை வீட்டிலேயே இருக்கிறாள். எனக்கு முக்கியமாகப் பட்டது அதுதான்.

இதற்கு எதிர்முனையில் ஜூலி ஆன் பீட்டர்ஸ் எழுதிய ‘லூனா’, 2004இல் வந்தது. இதில் சொல்கிறவள் தங்கை ரீகன். பகலில் லியமாக நடமாடும் அக்கா, ராத்திரி ரீகனின் அறைக்கு வந்து லூனாவாக உடுத்திக்கொள்கிறாள். நம் வீடுகளுக்குக் கிட்டத்தில் இருக்கிற கதை இது. முதலில் ரகசியம் தெரிவது நம்மிடமும் அக்கா தங்கைக்குத்தான். தாவணியைத் தொட்டுப் பார்த்தது யார், பவுடர் டப்பாவை எடுத்தது யார் என்று தெரிந்தும், அம்மாவிடம் சொல்லாமல் மறைத்தவர்கள் எத்தனையோ வீடுகளில் உண்டு. என் தோழி ஒருத்தி அப்படி இருபது வருஷம் மறைத்தாள். அவளிடம் இந்தக் கதையைச் சொன்னபோது, “அந்தப் பிள்ளை பாவம்டி” என்றாள். லூனாவையா என்று கேட்டேன். “ரெண்டு பேரையும்” என்றாள்.

ஆனால் பாரம் முழுக்க ரீகன் தலையில் இறங்குகிறது. அவள் தூக்கம் கெடுகிறது, படிப்பு கெடுகிறது. ஒரு திருநங்கை வீட்டில் இருந்தால் மற்றவர்களுக்கு எவ்வளவு கஷ்டம் என்ற கணக்காகவே இதைப் படித்து முடிக்கிற பிள்ளையும் இருக்கும். அப்பா பிள்ளையை விளையாட்டு வீரனாக்கப் பார்க்கிறார், அம்மா தன் வேலையில் மூழ்கிக் கண்ணை மூடிக்கொள்கிறாள். கடைசியில் லூனா விமானம் ஏறித் தூர ஊருக்குப் போகிறாள். தங்கை மட்டும்தான் வழியனுப்புகிறாள். அம்மா தேடவில்லை. இலக்கியமாக ‘மெலிசா’வைவிட இதில் ஆழம் கூடுதல். அவள் போய்ச் சேருவது விடுதலைக்குத்தான், மறுக்கவில்லை. ஆனாலும் பன்னிரண்டு வயதுப் பிள்ளை கையில் தனியாக இதைக் கொடுக்க மாட்டேன். பதினைந்து பதினாறு ஆகட்டும், படித்த அன்றே உட்கார்ந்து பேச ஒரு ஆளும் இருக்கட்டும்.

இங்கே மொழியைப் பற்றிக் கொஞ்சம் நின்று பேச வேண்டும். கதைகளைத் தமிழில் சொல்லும்போது என்னைத் திணறவைத்தது இதுதான். ஆங்கிலத்தில் ‘அவள்’ என்ற ஒரு சொல்லை மாற்றினால் போதும். வினைச்சொல் அப்படியே இருக்கும். ‘மெலிசா’வில் முதல் பக்கத்திலிருந்தே ஆசிரியர் ‘அவள்’ என்கிறார், சுற்றியிருப்பவர்கள் ‘அவன்’ என்கிறார்கள். தமிழில் வந்தாள், சாப்பிட்டாள், அழுதாள் என்று ஒவ்வொரு வினையும் சாட்சி சொல்லியாக வேண்டும். அம்மா வாயில் ‘வந்தான்’, என் வாயில் ‘வந்தாள்’. இரண்டும் மாறி மாறி விழும்போது பிள்ளைகள் முதலில் குழம்பினார்கள். பத்து நிமிஷம் போனதும், அம்மா ‘வந்தான்’ என்கிற ஒவ்வொரு தடவையும் அவர்களே முகம் சுளித்தார்கள். மெலிசாவுக்கு அந்த விகுதி எப்படிக் குத்துகிறது என்று நான் விளக்கவே இல்லை. காதால் தெரிந்துகொண்டார்கள்.

இன்னொரு வழியும் நம் பேச்சிலேயே இருக்கிறது. எங்கள் ஆச்சிமார் பேரப்பிள்ளைகளை ‘பிள்ளை வந்துருச்சா? சாப்பிட்டுச்சா?’ என்றுதான் கேட்பார்கள். ஆணா பெண்ணா என்று அந்த வினை சொல்லாது. பிள்ளை தன் வாயால் ‘நான் இன்னார்’ என்று சொல்லும்வரை அப்படியே ஓடி, சொன்ன வரியிலிருந்து ‘வந்தாள்’ என்றோ ‘வந்தான்’ என்றோ மாறுகிற கதை ஒன்றைத் தமிழில் எழுத முடியும். ஆங்கிலத்தில் இத்தனை இயல்பாக அது வராது. நம்மிடம் கருவி தயாராக இருக்கிறது, கதைதான் இல்லை.

பெயரும் அப்படித்தான். ‘மெலிசா’ 2015இல் வந்தபோது அட்டையில் ‘ஜார்ஜ்’ என்றிருந்தது. அவள் தனக்கு வேண்டாம் என்று ஒதுக்கிய பெயர். அது தவறு என்று ஆசிரியரே ஒப்புக்கொண்டு, பிறகு வந்த பதிப்பில் தலைப்பை மாற்றினார். நூலகத்தில் பழைய பதிப்பு இருந்தால் அட்டையில் ‘மெலிசா’ என்று ஒரு தாளை ஒட்டிவிட்டுக் கொடுங்கள்.

மூன்றாவது, சின்னப் பிள்ளைகளுக்கு. கனக் சசியின் ‘குட்லி’ (Guthli Has Wings), சென்னைத் தூலிகா பதிப்பகம் கொண்டுவந்த படப்புத்தகம். குட்லி என்றால் இந்தியில் பழக்கொட்டை. குட்லிக்கு கவுன் போட ஆசை. நீ பையன் என்கிறார்கள் வீட்டில். நான் பெண்தானே, ஏன் பையன் பையன் என்கிறீர்கள் என்கிறது பிள்ளை. அதட்டுகிறார்கள். ஓடியாடித் திரிந்த பிள்ளை வாடிப்போகிறது. கடைசியில் அம்மாவே கவுனைக் கொடுக்கிறாள். இவ்வளவுதான் கதை. இதில் அம்மா தன் பிள்ளையைத் தேடி எந்த ஊருக்கும் போகவில்லை. வீட்டுக்குள்ளேயே தொலைந்துகொண்டிருந்த பிள்ளையை அங்கேயே கண்டுபிடித்துவிடுகிறாள். வெட்டி ஒட்டிய படங்கள், நம் நாட்டு வீடு, நம் நாட்டு முகங்கள். ஐந்து வயதிலிருந்து யாருக்கும் தயங்காமல் வாசித்துக் காட்டலாம். நான்கில் ஒன்றுதான் வாங்க முடியும் என்றால் இதைத்தான் வாங்குவேன்.

‘வாடாமல்லி’க்கு வருகிறேன். இது இளையோருக்காக எழுதியதில்லை. வாரப் பத்திரிகையில் தொடராக வந்து பெரியவர்களை உலுக்கிய நாவல். நம் ஊர்ப் பேச்சும், நம் ஊர் வன்மமும், மேகலையின் வைராக்கியமும் இதில் இருக்கிற அளவுக்கு மற்ற மூன்றிலும் கிடையாது. வீடு அடிக்கிற அடியை சமுத்திரம் மறைக்கவில்லை. மறைத்திருந்தால் அது பொய். ஆனால் ஒளித்துவைத்துக்கொண்டு தவிக்கிற பதின்மூன்று வயதுப் பிள்ளை இதைத் தனியாகப் படித்தால், ‘எனக்கும் இதுதான் வழி’ என்று எடுத்துக்கொள்ளும். அந்தப் பயத்தால் இதைப் பிளஸ் டூவுக்கு மேல் தள்ளிவைக்கிறேன். கி. ராஜநாராயணனின் ‘கோமதி’ கதையும் அப்படியே. ஏழு பெண்களுக்குப் பிறகு பிறந்து, பெண்பிள்ளைப் பெயரே வைக்கப்பட்ட அந்தச் சமையல்காரரைக் கரிசல் வீட்டுப் பெண்கள் தங்களில் ஒருத்தியாக வைத்துக்கொள்வது எவ்வளவு நுட்பமான இடம்! அதைப் பிடிக்கக் கொஞ்சம் வயது வேண்டும்.

சட்டமும் மாறியிருக்கிறது. 2019ஆம் ஆண்டு திருநர் உரிமைச் சட்டத்தின் 12ஆம் பிரிவு, திருநர் என்ற காரணத்துக்காக எந்தக் குழந்தையையும் பெற்றோரிடமிருந்து பிரிக்கக் கூடாது என்கிறது. நீதிமன்றம் அந்தப் பிள்ளையின் நலனுக்காகச் சொன்னால் ஒழிய முடியாது. பெற்றோர் இருக்கிற வீட்டில் வாழும் உரிமையும் அதே பிரிவில் இருக்கிறது. சட்டம் பிள்ளையை வீட்டுக்குள் வைத்துப் பேசுகிறது. நான் படித்த தமிழ்க் கதைகள் இன்னும் பஸ் ஸ்டாண்டிலேயே நிற்கின்றன. திருநம்பிகளைப் பற்றியோ, பிள்ளைகளுக்குச் சொல்ல என் கையில் ஒரு தமிழ்க் கதைகூட இல்லை. பையனாகத் தன்னை உணர்கிற ஒரு பிள்ளை ரெட்டைச் சடைக்குள்ளும் தாவணிக்குள்ளும் மூச்சு முட்டி நிற்பது பொருநைக் கரையில் நடக்காததா?

சின்னவர்களுக்குக் குட்லி. பத்து, பன்னிரண்டு வயதுக்கு மெலிசா, தமிழில் வாய்விட்டுச் சொல்ல வேண்டும். லூனா, கூடப் பிறந்தவர்களுக்கு. வாடாமல்லி, பெரியவர்களாகப் போகிறவர்களுக்கு. இப்போதைக்கு என் அடுக்கு இது.

கேள்வி கேட்ட அந்தப் பிள்ளை இந்த வருஷம் ஒன்பதாம் வகுப்பு. போன மாதம் ஒரு நோட்டுத் தாளைக் கொண்டுவந்து நீட்டினாள். வாடாமல்லியில் நான் நிறுத்திய இடத்திலிருந்து அவளாக எழுதியிருந்தாள். மேகலையின் அம்மா நெல்லை எக்ஸ்பிரஸில் ஏறுகிறாள். முன்பதிவில்லாத பெட்டி, உட்கார இடமில்லை, கதவுப் பக்கம் காலை மடக்கி உட்கார்ந்திருக்கிறாள். மடியில் மஞ்சப்பை, அதற்குள் முறுக்கும் ஒரு புதுச் சேலையும். சேலை என்ன நிறம் வாங்குவது என்று தெரியாமல் கடையில் ரொம்ப நேரம் நின்றாளாம். வண்டி கோவில்பட்டி தாண்டுகிறது. தாள் அங்கே முடிந்துவிட்டது. மீதியை அடுத்த சனிக்கிழமை கொண்டுவருகிறேன் என்றாள்.