மில்பர்னா, டெய்லரா: பாதியில் நின்ற இரண்டு ஆட்டங்கள்

இங்கிலாந்தின் உள்ளூர் முதல்தரப் போட்டியான கவுன்டி கிரிக்கெட்டில் பாதியில் நின்றுபோனவர்கள் என்றாலே எனக்கு நார்தாம்ப்டன்ஷயரின் காலின் மில்பர்னும் நாட்டிங்காம்ஷயரின் ஜேம்ஸ் டெய்லரும்தான் நினைவுக்கு வருவார்கள். இவர்களில் யாருடைய ஆட்டம் நின்றது கிரிக்கெட்டுக்குப் பெரிய இழப்பு என்பதுதான் கேள்வி. உடம்பிலேயே இருவரும் எதிரெதிர். மில்பர்ன் நூறு கிலோவைத் தாண்டிய ஆள், டெய்லர் ஐந்தரை அடி.

மில்பர்ன் அடித்தால் பந்து பறக்கும். 1968-ல் பிரிஸ்பேனில் மேற்கு ஆஸ்திரேலியாவுக்காக 243 ரன் எடுத்தார், அதில் உணவு இடைவேளைக்கும் தேநீர் இடைவேளைக்கும் நடுவில் மட்டும் 181! அடுத்த மார்ச்சில் இங்கிலாந்துக்காக கராச்சி டெஸ்டில் 139. இரண்டே மாதத்தில், மே 1969-ல், கார் விபத்தில் இடது கண் போனது. வலது கை ஆட்டக்காரருக்கு அதுதான் பந்து வீச்சாளரைப் பார்த்து நிற்கிற முன் கண். அப்புறம் 1973-ல் கவுன்டிக்குத் திரும்பி வந்து ஆடிப் பார்த்தார், பழைய ஆட்டம் வரவில்லை. 9 டெஸ்டில் 46-க்கு மேல் சராசரி வைத்திருந்தவர்.

டெய்லருக்கு நடந்தது வேறு. ஏப்ரல் 2016, கேம்பிரிட்ஜில் ஆட்டத்துக்கு முந்தைய பயிற்சியின்போது நெஞ்சில் கோளாறு. பரிசோதனையில் தீவிரமான இதய நோய் என்று தெரிந்ததும் 26 வயதில் ஓய்வு. 7 டெஸ்ட், 27 ஒருநாள் ஆட்டம், அவ்வளவுதான். ஆனால் உயிர் தப்பினார், 2018-ல் இங்கிலாந்து அணியின் தேர்வாளராகவும் ஆனார்.

கிரிக்கெட்டுக்கு நேர்ந்த இழப்பாகப் பார்த்தால் மில்பர்ன்தான் என்பேன். டெய்லர் இன்னும் வளர்ந்துகொண்டிருந்தார், சரி, ஆனால் மில்பர்ன் உச்சத்துக்கு வந்த அந்த நிமிடத்திலேயே பறிகொடுத்தார். 1990-ல் இறந்தபோது அவருக்கு வயது 48.