செகாவின் கடிதங்கள்: மூன்று ஆங்கிலத் தொகுப்புகள்

ஆன்டன் செகாவின் கடிதங்களை ரஷ்ய மொழியில் முழுமையாகப் படிக்க விரும்புவோருக்கு, 1974 முதல் 1983 வரை மாஸ்கோவில் வெளிவந்த 30 தொகுதிகள் கொண்ட கல்விக்கழகப் பதிப்பே ஆதாரம். அதில் 12 தொகுதிகள் கடிதங்களுக்கு மட்டும் ஒதுக்கப்பட்டவை. ஏறத்தாழ 4,400 கடிதங்கள் அவற்றில் உள்ளன. ரஷ்ய மொழி அறியாத நாம் ஆங்கிலத் தொகுப்புகளையே நாட வேண்டியிருக்கிறது. தொகுப்பவர் எதை எடுத்தார், எதை வெட்டினார் என்பதைப் பொறுத்து ஒவ்வொன்றிலும் வேறொரு செகாவ் எழுந்து வருகிறார்.

கான்ஸ்டன்ஸ் கார்னெட்டின் தொகுப்பு 1920இல் வந்தது. செகாவின் தங்கை மரியா 1912க்கும் 1916க்கும் இடையில் ஆறு தொகுதிகளாக வெளியிட்ட கடிதங்களே அவருக்கு மூலம். குடும்பத்தார் வெளியிட்ட 1,890 கடிதங்களிலிருந்து கடிதங்களையும் கடிதப் பகுதிகளையும் தேர்ந்தெடுத்ததாக அவரே முன்குறிப்பில் சொல்லிவிடுகிறார். 'பகுதிகள்' என்ற அந்தச் சொல்லை வாசகர் மறக்கக் கூடாது. தங்கை ஒரு முறை சலித்ததை மொழிபெயர்ப்பாளர் மறுமுறையும் சலித்திருக்கிறார். ஆயினும் 1890இல் சைபீரியாவைக் கடந்து கைதிகளை அனுப்பிவைத்த சகலின் தீவுக்குச் சென்ற வழியில் எழுதிய கடிதங்களை, வெள்ளமும் குளிரும் உடலை உலுக்கும் குதிரைவண்டியுமாக, இவரது ஆங்கிலத்தில் படிப்பது இன்றும் இன்பமே. காப்புரிமைக் காலம் முடிந்துவிட்டதால் இணையத்தில் இலவசமாகக் கிடைப்பதும் சிறிய வசதியல்ல.

சைமன் கார்லின்ஸ்கி முன்னுரையும் விரிவான குறிப்புகளும் எழுத, அவருடன் மைக்கேல் ஹென்றி ஹைம் மொழிபெயர்த்த 1973ஆம் ஆண்டுத் தொகுப்பு முற்றிலும் வேறு வகை. 1898 பிப்ரவரி 6 அன்று நீஸ் நகரிலிருந்து சுவோரினுக்கு எழுதிய கடிதத்தை எடுத்துக்கொள்வோம். பிரெஞ்சு இராணுவத்தின் யூத அதிகாரி டிரைஃபஸ்மீது பொய்யாகத் தேசத்துரோகம் சுமத்தப்பட்ட வழக்கில், அவருக்காகக் குரல் கொடுத்த நாவலாசிரியர் எமில் ஸோலாவின் பக்கம் நின்று செகாவ் நிதானமாக வாதிடும் கடிதம் அது. கார்னெட்டிலும் இக்கடிதம் உண்டு. ஆனால், டிரைஃபஸையும் ஸோலாவையும் நாள்தோறும் தூற்றிவந்த நாளிதழின் உரிமையாளரே சுவோரின் என்பதை அறியாதவருக்கு அது ஒரு நண்பருக்கு எழுதிய அபிப்பிராயமாக மட்டும் தோன்றும். அறிந்தவருக்கோ, தன்னை வளர்த்துவிட்ட புரவலரின் முகத்துக்கு நேரே சொன்ன மறுப்பாகத் தெரியும். கார்லின்ஸ்கியின் குறிப்புகள் இத்தகைய பின்னணியைத் தருகின்றன. செகாவ் அரசியலற்றவர், மாலைநேரத் துயரத்தைப் பாடியவர் என்ற பழைய படிமத்தைக் கலைப்பதே அவரது நோக்கம். அந்த ஆவேசத்தில் விமர்சகர்களுடன் அவர் போடும் சண்டை சில இடங்களில் கடிதத்தையே மறைத்துவிடுகிறது என்பதையும் சொல்லியாக வேண்டும்.

2004இல் பெங்குயின் வெளியிட்ட மூன்றாவது தொகுப்பில் ரோசமண்ட் பார்ட்லெட்டும் அந்தோனி பிலிப்ஸும் மொழிபெயர்ப்பாளர்கள். இதன் தனிச்சிறப்பு தணிக்கையை நீக்கியது. சோவியத் கல்விக்கழகப் பதிப்பு, எத்தனை கவனமாகத் தயாரிக்கப்பட்டிருந்தாலும், 'அநாகரிகமான' சொற்களையும் பத்திகளையும் விட்டுவிட்டது. செகாவ் ஆய்வாளர் அலெக்சாந்தர் சுதகோவ் 1991இல் இந்த வெட்டுகளைப் பற்றி எழுதிய பிறகே பலருக்கு அவற்றின் அளவு புரிந்தது. சகலின் பயண வழியில் பிளாகவேஷென்ஸ்க் நகரில் ஒரு ஜப்பானியப் பாலியல் தொழிலாளியிடம் சென்றுவந்ததை 1890 ஜூனில் சுவோரினுக்கு ஒளிவுமறைவின்றி எழுதிய பகுதி அவ்வாறு வெட்டுப்பட்டவற்றில் ஒன்று. இதைப் படிப்பதால் செகாவ் சிறுமைப்படுவதாக நான் நினைக்கவில்லை. மனித உடலும் உடல்நலமும் அறிவும் திறமையும் அன்பும் முழுமையான சுதந்திரமுமே தனக்குப் புனிதத்திலும் புனிதமானவை என்று 1888இல் கவிஞர் பிளெஷேயெவுக்கு எழுதியவரை, உடலே இல்லாத ஞானியாக்கி வைத்திருந்தவர்கள்தாம் அவரைச் சிறுமைப்படுத்தினார்கள். குறிப்புகள் கார்லின்ஸ்கி அளவுக்கு விரிவானவை அல்ல; ஆனால் நண்பர்களுடன் கேலியும் கொச்சையுமாகப் பேசிய குரலை இத்தொகுப்பில்தான் தடையின்றிக் கேட்கிறோம்.

ஒன்றை மட்டும் வாங்க முடியும் என்பவருக்கு நான் கார்லின்ஸ்கியையே சொல்வேன். கடிதத்தைப் பெற்றவர் யார் என்று தெரியாமல் கடிதத்தைப் படிப்பது பாதி வாசிப்பே. செகாவின் கதைகளில் ஏற்கெனவே தோய்ந்தவர்கள் பார்ட்லெட்டிலிருந்து தொடங்கலாம். கார்னெட்டை, சைபீரியக் கடிதங்களுக்காக, எப்போது வேண்டுமானாலும் திறந்துகொள்ளலாம்.

மூன்றிலுமே நாம் கேட்பது ஒரு பக்கக் குரலைத்தான். செகாவ் இறந்த பின் சுவோரின் தாம் அவருக்கு எழுதிய கடிதங்களைத் திரும்பப் பெற்றுக்கொண்டார். அவை பின்னர் கிடைக்கவே இல்லை. செகாவின் மனைவியும் நடிகையுமான ஓல்கா நிப்பரின் பதில்களோ எஞ்சியிருக்கின்றன. இருவரின் கடிதங்களையும் ழான் பெனெடெட்டி 1996இல் ஒரே நூலில் தொகுத்தார். யால்டாவில் இருமியபடி காத்திருந்தவரும் மாஸ்கோ மேடையை விட்டு வர இயலாதவரும் ஒருவருக்கொருவர் பதில் சொல்லிக்கொள்வதை அதில் படிக்கலாம்.