கொழிஞ்சாம்பாறையில் எடுத்த எங்கள் வீட்டு ஆவணப்படம்: ஸ்டூடியோ எப்படி?

கல்யாணம், காதுகுத்து என்று படம் பிடித்துவந்த, கேரளத்தின் பாலக்காடு மாவட்டத்திலுள்ள எங்கள் ஊர் ஸ்டூடியோ ஒன்றிடம், எஸ்.எம்.ஏ. எனப்படும் தண்டுவடத் தசைச் சிதைவு நோயுள்ள என் அக்கா மகனைப் பற்றி அரைமணி நேர ஆவணப்படம் கேட்டபோது, இது இவர்களுக்குக் கைவருமா என்ற தயக்கம் எங்களுக்கு இருந்தது.

கேமராவை எடுப்பதற்கு முன் வெறுங்கையோடு வீட்டுக்கு வந்து பழகியதுதான் அவர்கள் செய்ததில் சிறந்தது. பையன் களைத்துவிடும் மாலை வேளையில் படப்பிடிப்பே வைக்கவில்லை. சளியை வெளியேற்றும் கருவியைப் பொருத்துவதை எடுக்கலாமா என்று அவனிடமே கேட்டு, அவன் வேண்டாம் என்றதும் விட்டுவிட்டார்கள். இந்த நோய்க்குக் காரணமான எஸ்.எம்.என்.1 மரபணுவின் பழுதான பிரதியைத் தாய், தந்தை இருவருமே நோயின்றிச் சுமக்கும்போது, ஒவ்வொரு கருவிலும் நோய் வரும் வாய்ப்பு 25 விழுக்காடு என்பதை அக்காவே கோலம் போட்டு விளக்கும் பகுதி, குறையெல்லாம் பெண் வழியில்தான் என்று பேசிவந்த உறவினர்களின் வாயை அடைத்தது.

2021ஆம் ஆண்டின் தேசிய அரிய நோய்க் கொள்கைக்கும் அரிய நோயாளிகளுக்கான கேரள அரசின் ‘கேர்’ திட்டத்துக்கும் படத்தில் ஒரு வரி மட்டுமே ஒதுக்கியிருப்பது, உதவி தேடும் குடும்பங்களுக்குப் போதாது. பின்னணி இசையில் சோகம் மிகுதி (அழவைக்கத் தொலைக்காட்சித் தொடர்கள் இருக்கின்றனவே), சொன்னதும் குறைத்தார்கள். எங்கள் தமிழ்ப் பேச்சுக்கு மலையாளத்தில் வசன வரிகள் இட்டதால், பையனின் ஆசிரியர்களும் பார்க்க முடிந்தது. அதற்குத் தனிக் கட்டணம் இல்லை. படத்தை யாருக்கெல்லாம் காட்டலாம் என்பதை முன்பே எழுதி வாங்கிக்கொள்ளுங்கள். கேட்டால், வெட்டிய காட்சிகளையும் பென் டிரைவில் தந்துவிடுகிறார்கள்.