தகட மடக்குனா கல்லாகுற ஒத்தடப் பை: மூணு நாலு வருசம் பொழங்குன அனுபவம்

தறி ஓட்றவங்களுக்கும் பனியன் கம்பெனில பவர் டேபிள்ல உக்கார்றவங்களுக்கும் தோள்பட்டையும் இடுப்பும் என்ன பாடு படும்னு சோமனூர், பல்லடம், திருப்பூர் பக்கம் யாருக்கும் சொல்லோணும்னு இல்லீங்க. அதுக்குன்னு எங்கூட்ல மூணு நாலு வருசமா பொழங்கிட்டிருக்கற ஒரு சாமானப் பத்தித்தான் எழுதறேன். மெடிக்கல்ல ஹீட் பேக்னு கேட்டா கரண்டுல மாட்றதத்தான் மொதல்ல எடுத்துத் தருவாங்க, இது அது இல்ல. கெட்டி பிளாஸ்டிக் பைக்குள்ள நெறமில்லாத திரவம், அதுக்குள்ள ஒத்த ரூவா சைசுல ஒரு வளைஞ்ச தகடு, அவ்ளோதான்.

அந்தத் தகட அமுக்கி ஒருதாட்டி டக்குனு மடக்குனா தகட்டு ஓரத்துல வெள்ளையா ஒரு புள்ளி கெளம்பும், அதுல இருந்து ஊசி ஊசியா கிரிஸ்டல் நாலா பக்கமும் ஓடும், பாத்துட்டிருக்கறப்பவே பை முழுக்க வெளுத்து கெட்டியாயிரும், கையில வச்சிருந்தா வெள்ள போற எடமெல்லாம் பின்னாடியே சூடு வர்றது நல்லாத் தெரியும். அக்கா பையன் இத மந்திரக் கல்லுன்னுதான் சொல்லுவான், எத்தன தாட்டி பாத்தாலும் எனக்கும் அப்படித்தான் இருக்குது.

உள்ள இருக்கறது சோடியம் அசிடேட் ட்ரைஹைட்ரேட்டுங்க. வினிகர்ல இருக்கற ஆசிடும் ஆப்ப சோடாவும் சேந்தா வர்ற உப்புதான், கூட தண்ணியும் அந்தக் கிரிஸ்டலுக்குள்ளயே கட்டுண்டு கெடக்கும். இது 58 டிகிரில உருகும். நாயப்படி அதுக்குக் கீழ ஆறுனதும் மறுபடி கெட்டியாகோணும், ஆனா ஆரம்பிச்சு வைக்க ஒரு சின்ன கிரிஸ்டல் இல்லீன்னா இது ஆறிப்போயும் திரவமாவே நிக்கும். அந்த மொத கிரிஸ்டலத் தர்றதுதான் தகட்டு வேல. உருகறப்ப கிலோவுக்கு சுமாரா 260 கிலோஜூல் சூட்ட உள்ள வாங்கி வச்சுக்குது, அது 1 லிட்டர் தண்ணிய 60 டிகிரி ஏத்தற அளவு சூடுங்க, அதத்தான் கெட்டியாகறப்ப திருப்பித் தருது.

எங்க அம்மாயி கல்லுப்ப வறுத்து துணில முடிஞ்சு ஒத்தடம் குடுக்கும், வைக்கறப்ப தோலு பொத்துப்போற மாதிரி சுடும், சித்த நேரத்துல ஆறிப்போயி மறுபடி அடுப்புக்குப் போகோணும். இதுல எனக்குப் புடிச்சதே சூடு 58ஐத் தாண்டாதுங்கறதுதான். பூராவும் ஒரே அடியா கெட்டியாகறதில்ல, கொஞ்சம் திரவம் மிச்சம் நிக்கும், அது மெதுவா கெட்டியாக ஆக சூடு விடாம வந்துட்டே இருக்கும். தோளுக்குப் போடற பெரிய பைய துண்டுல சுத்திப் போட்டா ஒரு மணி நேரம் கிட்ட நிக்குதுங்க. கரண்டு வேண்டியதில்ல. மார்கழில வால்பாறை போறப்ப ஆறுன பையத்தான் பேக்ல போட்டுட்டுப் போவோம், 40 கொண்டை ஊசி வளைவும் ஏறி எறங்குன பொறவு அங்க போயி மடக்கிக்குவோம்.

இதுல எல்லாரும் கோட்ட விடற எடம் திருப்பி உருக்கறதுதான். பெரிய போசில தண்ணி கொதிக்க வச்சு, பிளாஸ்டிக் அடில ஒட்டாம இருக்க பழைய துணியப் போட்டு அதுமேல பைய வைக்கோணும். தெளிஞ்ச மாதிரி இருக்குதேன்னு எடுத்தரக்கூடாது. தகட்டுக்கு அடிலயும் பையோட தையல் மூலைலயும் அரிசி நொய்யளவு வெள்ள ஒண்ணே ஒண்ணு நின்னாலும் போதும், ஆற ஆற மொத்தமும் மறுபடி கல்லாயிரும், கேஸ் செலவுதான் மிச்சம். டியூப் லைட்டுக்கு நேரா தூக்கிப் புடிச்சுப் பாத்துட்டு, அதுக்கு மேலயும் சித்த நேரம் கொதிக்க உடுங்க. தகடு இருக்கறதால மைக்ரோவேவ்ல வச்சராதீங்க.

வித்த கடைல ஆயுசுக்கும் வரும்னு சொன்னாங்க, அது சுத்தப் பொய்யி. மொத பை ரெண்டு வருசம் கிட்ட நல்லா ஒழைச்சுது, அப்பறம் எவ்வளவு கொதிக்க வச்சாலும் அடில வெள்ளையா ஒரு வண்டல் நின்னுட்டே இருந்துச்சு. பிளாஸ்டிக் வழியா தண்ணி ஆவியா கொஞ்சங்கொஞ்சமா போயிருது, தண்ணியில்லாத சோடியம் அசிடேட் உருக 324 டிகிரி வேணும், கொதிக்கற தண்ணில அது எங்க உருகறது? உப்பு கெட்டுப்போறதில்ல, பை தோத்துருது. அதனால வாங்கறப்ப பை தடிமனத்தான் தடவிப் பாக்கோணும், ஓரம் அகலமா ஒட்டிருக்குதான்னு பாக்கோணும். இன்னொன்னு, பஸ்ல நெரிசல்ல பேக் அமுங்கி தகடு தானா மடங்கிரும், எறங்கறதுக்குள்ள சூடெல்லாம் வீணாப் போயிரும், டிபன் டப்பாக்குள்ள வச்சுக் கொண்டு போனா அந்தத் தொந்தரவு இல்ல.

சர்க்கரைல கால் மரத்துப் போனவங்களுக்கு இது வேண்டாமுங்க, சுடறதே தெரியாது, கொப்பளிச்ச பொறவுதான் தெரியும். அப்பத்தான் சுளுக்கி வீங்குன எடத்துலயும் வைக்கக்கூடாது, அதுக்கு ஐஸ்தான். வச்சுட்டுத் தூங்கறதும் ஆகாது.

உள்ளங்கை அளவு சின்னப் பை வெல கம்மின்னு வாங்காதீங்க, இடுப்பு வலிக்கு அது பத்தவே பத்தாது. தோளுக்கு வளைஞ்ச பெருசே வாங்குங்க, முடிஞ்சா ரெண்டா வாங்குங்க. எங்கூட்ல ஷிப்ட் முடிஞ்சு நான் ஒண்ணு, அம்மிணி ஒண்ணு போட்டுக்குவோம், ரெண்டையும் காலைல சோறு எறக்குன அடுப்புலயே ஒண்ணாப் போட்டு உருக்கி வச்சர்றோம்.