மால்டாவா, கோசோவா?

மத்தியதரைக் கடலில் உள்ள இந்த இரண்டு தீவுகளில் எதைச் சுற்றிப் பார்ப்பது? மால்டா தீவு 246 சதுர கிலோமீட்டர். பக்கத்துத் தீவான கோசோ 67தான். ஆனால் கோசோவில் களிமண் படிவம் அதிகம், அதனால் நீர் தங்கும், வயல்களும் பச்சையாக இருக்கும். மால்டாவில் கண்ணில் படுவது பெரும்பாலும் சுண்ணாம்புக்கல்லும் கட்டடமும்.

1565இல் ஒட்டோமான் துருக்கியரின் முற்றுகையை மால்டா தாங்கி நின்றது. மறு ஆண்டே, இன்று தலைநகராக இருக்கும் வலெட்டா நகருக்கு அடிக்கல் போட்டார்கள். அந்தப் புகழ் ஊரறிந்தது. 1551இல் கோசோவுக்கு நேர்ந்ததைப் பேசுவோர்தான் குறைவு: ஏறக்குறைய 5,000 பேரை, அதாவது தீவின் மக்களில் பெரும்பாலோரை, அதே ஒட்டோமான் படையினர் அடிமைகளாகக் கப்பலேற்றிக் கொண்டுபோனார்கள்.

பழமைக்குக் கோசோவின் ஜிகன்தியா கற்கோயில்கள். எகிப்தின் கீசா பிரமிடுகளுக்கும் மூத்தவை. மால்டாவிலும் ஹஜர் இம் என்ற பழங்காலக் கற்கோயில் உண்டு, சரி. ஒரே நாள்தான் என்றால் வலெட்டா. இரண்டு நாள் கிடைத்தால் மால்டாவின் வடமுனைத் துறையிலிருந்து கோசோவுக்குப் படகேறிவிடுங்கள், அங்கிருந்து அரை மணி நேரம்கூட ஆகாது.